நாற்பதுக்குள் வந்த கடிதம்

நான் கையெழுத்திட்டது நீல மையில். அது மட்டும் நிச்சயம். பேனையின் மூடியைப் பல்லால் கடித்துக் கழற்றினேன். மற்றக் கை குழந்தையின் தலைக்குக் கீழே இருந்தது. அதற்கு முன்னும் பின்னும் நடந்தவை தண்ணீருக்குள்ளிருந்து பார்த்தவை போலத்தான் இன்றைக்கும் தெரிகின்றன. அறை வாசலில் தொங்கிய திரை காற்றில் உள்ளே உப்பி, மறுபடி வெளியே போனது. அதை விலக்கிக்கொண்டு உம்மாவின் கை வந்தது. கையில் தபால்காரர் கொடுத்த சிறிய அட்டை.

"இதில ஒரு கையெழுத்துப் போடுங்க மகள்."

போட்டேன். அட்டை போனது. திரை மூடியது. குழந்தை பால் குடித்துக்கொண்டே இருந்தாள். கேற்றடியில் சைக்கிள் மணி ஒரு தடவை கேட்டது. அல்லது மணியை நான் பிறகு சேர்த்துக்கொண்டேனோ தெரியாது.

கல்முனையில், கடலுக்கு இரண்டு ஒழுங்கை இப்பால் இருக்கிறது எங்கள் வீடு. எங்கள் பக்கத்தில் பிள்ளை பெற்றவள் நாற்பது நாள் அறையை விட்டு அதிகம் வெளியே வருவதில்லை. ஜன்னலில் ஒரு கதவு மட்டும் திறந்திருக்கும். அதனூடாக வரும் வெளிச்சம் காலையில் அலுமாரிக் கண்ணாடியில் தொடங்கி, பின்னேரம் தொட்டிலின் காலடியில் முடியும். சாம்பிராணிப் புகையும் வெள்ளைப்பூண்டு வாசமும் தலையணைக்குள் ஏறியிருக்கும். மதியம் கடல் சத்தம் இல்லாமல் போய்விடும். பிறகு எங்கிருந்தோ வந்து, குழந்தையின் மூச்சோடு மூச்சாகக் கலந்துவிடும். எது கடல், எது அவள் என்று பிரித்துக் கேட்க முயன்று நான் பல தடவை தூங்கிப்போயிருக்கிறேன்.

அந்த நாட்களில் எங்களுக்குத் தொழுகை இல்லை. உதிரம் நிற்கும்வரை கடமை நீங்கிவிடுகிறது. ஐந்து வேளையும் பாங்கு கேட்கும். ஆனால் அது வேறு யாரையோ அழைப்பது போல இருக்கும். சிறு பிள்ளையாக இருந்த காலம் முதல் என் நாளைப் பிடித்து வைத்திருந்தவை அந்த ஐந்து அழைப்புகள்தான் என்று எனக்கு அப்போதுதான் விளங்கியது. கயிற்றில் காயும் சேலையிலிருந்து கவ்விகளைக் கழற்றிவிட்டால் சேலை காற்றோடு போய்விடும். என் நாட்களும் அப்படித்தான் போயின. சுபஹு எது, அஸர் எது என்று தெரியாமல், செவ்வாயா புதனா என்று கேட்க வேண்டிய தேவையும் இல்லாமல்.

அப்படிப்பட்ட ஒரு நாளில்தான் அந்தப் பதிவுத் தபால் வந்தது. கடிதம் என் பெயருக்கு, ஏனென்றால் காணி என்னுடையது.

எங்கள் ஊர்களில் வீடும் காணியும் பெண் பிள்ளைக்குப் போகும். நற்பிட்டிமுனையைத் தாண்டி, நாவிதன்வெளிப் பக்கம் போகும் றோட்டோரத்தில் இருந்த அந்த வயல் உம்மாவின் உம்மாவுக்கு, அவரிடமிருந்து உம்மாவுக்கு, என் நிக்காஹ்வோடு எனக்கு என்று கைமாறி வந்தது. பெரிய காணி இல்லை. ஆனால் றோட்டுப் பக்கத்தில் ஒரு மேட்டுத் துண்டு இருந்தது. அதில் வாப்பா மௌத்தாவதற்கு முன் வெட்டிய கல் கட்டிய கிணறு. அதைச் சுற்றித் தென்னைகள். வெயில் காலத்தில் பக்கத்துக் காணிக்காரர்கள் எல்லோரும் அந்தக் கிணற்றில்தான் தண்ணீர் அள்ளினார்கள்.

றோட்டை அகலமாக்கிப் புதுப் பாலம் கட்டுவதற்கு அந்த இடம் வேண்டும் என்று அரசாங்கம் அறிவித்தபோது நான் கர்ப்பமாக இருந்தேன். நில அளவையாளர்கள் வந்தார்கள். சிவப்பு மை பூசிய முளைகளை அடித்தார்கள். அறிவித்தல்கள் ஒன்றன் பின் ஒன்றாக வந்தன. உயர்தரம் படித்தவள் என்பதால் பக்கத்துக் காணிக்காரர்களுக்கும் நானே அவற்றை வாசித்து விளங்கப்படுத்தினேன். அதில் எனக்குக் கொஞ்சம் பெருமையும் இருந்தது. அவசரத் தேவை என்று காணியை முன்கூட்டியே பொறுப்பெடுத்துவிட்டார்கள். எனக்கு ஏழாம் மாதம் நடக்கும்போது கிணற்றுக்குள் கிறவல் மண் கொட்டி மூடினார்கள். நான் போய்ப் பார்க்கவில்லை.

நட்டஈட்டுக்கான விசாரணைக்குப் பிரதேச செயலகக் கந்தோருக்குப் போனேன். காணிப் பகுதியில் இருந்த அம்மணி, என் வயிற்றைப் பார்த்து முதலில் கதிரை போடச் சொன்னார். எல்லாவற்றையும் கேட்டு எழுதிக்கொண்டார். கடைசியில் நிதானமாகச் சொன்னார்.

"தீர்மானிச்ச தொகைய பதிவுத் தபால்ல அனுப்புவாங்க. அது காணாதெண்டு நீங்க நினைச்சா, கடிதம் கையில கிடைச்ச நாளிலயிருந்து இருபத்தொரு நாளுக்குள்ள கொழும்பில இரிக்கிற மீளாய்வுச் சபைக்கு எழுத்தில மேன்முறையீடு செய்யோணும். நாள் தவறினா அந்தத் தொகையோடதான் நிக்கோணும். எங்களிட்ட வந்து அழுதும் வேலையில்ல, பிள்ள."

கையிலிருந்த கிளினிக் அட்டையின் பின்பக்கத்தில் 21 என்று எழுதினேன். அதைச் சுற்றி வட்டம் போட்டேன். பஸ்ஸில் திரும்பி வரும்போது இன்னொரு வட்டமும் போட்டேன். ஆகவே எனக்குத் தெரியாது என்று யாரும் சொல்ல முடியாது. நானும் சொல்ல முடியாது.

அதன் பிறகு மகள் பிறந்தாள். நான் சொன்ன அந்தத் தண்ணீர் வந்து எல்லாவற்றையும் மூடியது.

ஒரு பின்னேரம் டீச்சர் குழந்தையைப் பார்க்க வந்தார். எங்கள் வயலுக்கு அடுத்த வயல் அவருடையது. பாண்டிருப்புப் பக்கம் மெதடிஸ்த கோயிலுக்குப் போகிறவர். என் உம்மாவின் வயதுதான், ஆனாலும் உம்மாவை அக்கா முறை வைத்து ராத்தா என்றுதான் கூப்பிடுவார். எங்களுடையது முழுதாகப் போனபோது அவருடைய காணியிலும் பாதி போயிருந்தது. சவர்க்காரமும் பவுடரும் ஒரு சின்னச் சட்டையும் கொண்டுவந்திருந்தார்.

"இந்தா பாருங்க, ராத்தா ஒங்களப் பெட்டிக்குள்ள வெச்சுப் பூட்டின மாதிரியெல்லோ வெச்சிரிக்கா," என்று சொல்லிக்கொண்டே கட்டிலின் ஓரத்தில் இருந்தார். குழந்தையை வாங்கி வெளிச்சத்தில் பிடித்தார். "மூக்கு வாப்பாட மூக்கு. பொம்புளப் பிள்ளைக்குக் கொஞ்சம் கூடிப்போச்சு."

"வளர வளரச் சரியாப் போகும் டீச்சர்," என்றார் உம்மா, திரைக்கு வெளியே தேத்தண்ணி கலக்கிக்கொண்டு. "இவட மூக்கும் அப்பிடித்தான் இருந்த."

டீச்சர் குழந்தையின் கால்விரல்களை எண்ணினார். பிறகு சும்மா கேட்பது போலக் கேட்டார். "மறுகா, அப்பீல் அனுப்பியாச்சா?"

"என்ன அப்பீல்?"

"காணிக்கு. எனக்குத் திங்களோட இருபத்தொரு நாளும் முடிஞ்சிது. நான் போன கிழமையே குடுத்திட்டன். மேடு, தென்னை ஒண்டையும் கணக்கெடுக்கல்ல, முழுக்க வயலெண்டு போட்டிரிக்காங்க. ஒங்களுக்கும் அந்தக் கிழமைதானே கடிதம் வந்திரிக்கோணும்?"

"வரல்ல டீச்சர்," என்றேன். சொல்லும்போதே நாக்கில் ஒரு பிளாஸ்ரிக் சுவை ஏறியது. பேனை மூடியின் சுவை.

வெளியே கரண்டி கலக்குவது நின்றுவிட்டது. பிறகு உம்மா திரையை விலக்கி நின்றார்.

"வந்திச்சு மகள்."

"எங்க?"

"வெச்சிரிக்கன். நாப்பது கழியக் குடுப்பமெண்டு வெச்சன்." அவர் டீச்சரைப் பார்த்துத்தான் பேசினார். "கவலப்பட்டா பால் வத்திரும் டீச்சர். தொழுகையே இல்லாத நாள் இவக்கு. அல்லாஹ்வே இந்த நாப்பதையும் விட்டுத் தந்திரிக்கான். கடதாசிக்கு என்ன அவசரமெண்டு நினைச்சன்."

"அல்லாஹ் விடுவார் ராத்தா," என்றார் டீச்சர். "கந்தோர் விடாது."

உம்மாவை நான் குற்றம் சொல்ல மாட்டேன். சொல்ல எனக்கு உரிமையும் இல்லை. கையெழுத்திட்டவள் நான். என்ன கடிதம் என்று ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். அந்த அறைக்குள் எதுவும் என்னைத் தொடாது, வெளி உலகத்தின் நாட்கள் வாசற்படியில் செருப்பைப் போலக் காத்துக்கொண்டு நிற்கும் என்று நானும்தான் நம்பியிருந்தேன். உம்மா அதை வாயால் சொன்னார். நான் தூக்கத்தால் சொன்னேன்.

உம்மா தன் அறைக்குப் போய், அங்கிருந்த அலுமாரியின் மேல் தட்டில், யாஸீன் கிதாபுக்குக் கீழே இருந்து கடிதத்தை எடுத்துவந்தார். நீளமான உறை, ஒட்டியபடியே இருந்தது. அதன் மேல் கிராம்பளவு எதையோ சுற்றிய ஒரு பஞ்சுப் பொட்டலம்.

"இது என்ன?"

"புள்ளட கொடி."

குழந்தையின் தொப்பூழிலிருந்து காய்ந்து விழுந்த துண்டு. எங்கள் குடும்பத்தில் பெண் பிள்ளையின் கொடியை நாற்பதாம் நாள் அவளுக்கு வரப்போகும் காணியில் புதைப்பார்கள். மற்ற வீடுகளில் இந்த வழக்கம் உண்டா என்று தெரியாது. நான் விசாரித்ததும் இல்லை. உம்மாவின் கொடியும் என்னுடைய கொடியும் அந்த மேட்டுத் துண்டில் இருந்தன. இப்போது அதற்கு மேல் கிறவல்.

டீச்சர் உறையைக் கிழித்து வாசித்தார். வாசிக்க வாசிக்க அவர் முகம் இறுகியது. எனக்கும் முழுக்க வயல் என்றே போட்டிருந்தார்கள். மேடும் கிணறும் எந்த வரியிலும் இல்லை. அந்தத் தொகைக்கு அதே பக்கத்தில் பாதிக் காணிகூட வாங்க முடியாது என்பது எங்கள் மூன்று பேருக்கும் தெரியும். குழந்தை டீச்சரின் மடியில் கையை விரித்துத் தூங்கினாள். அவளுக்கு வரவேண்டியதைத்தான் பெரியவர்கள் மூன்று பேரும் ஒரு தாளில் தேடிக்கொண்டிருந்தோம்.

"கடிதத்தில இரிக்கிற திகதி உதவாது," என்றார் டீச்சர். "கையில கிடைச்ச நாள்தான் கணக்கு. எப்ப கையெழுத்துப் போட்டீங்க?"

எனக்குத் தெரியவில்லை. எவ்வளவு யோசித்தும் நீல மையும் திரையும்தான் வந்தன. உம்மாவுக்கும் கிழமை தெரியவில்லை. முடி களைந்ததற்குப் பிறகு என்றார். அது ஏழாம் நாள். அதற்குப் பிறகு எத்தனையோ நாள்.

டீச்சர் போன பிறகு என் கணவர் பசாரிலிருந்து வந்தார். கைத்தொலைபேசி திருத்தும் சின்னக் கடை அவருடையது; சின்னத் திருகாணிகளைப் போலவே பிரச்சினைகளையும் ஒரு நொடியில் கழற்றி மாட்டிவிடலாம் என்று நினைப்பவர். என் மாமி மகன், ஆகவே சின்ன வயதிலிருந்தே எனக்கு மச்சான்.

"இதுக்குப் போய் என்னத்துக்கு முகத்த இப்பிடி வெச்சிரிக்கீங்க?" என்றார். "உறை ஒட்டினபடி இருந்ததுதானே. நேத்துத்தான் கையில கிடைச்சதெண்டு எழுதுங்க."

"அட்டையில என்ட கையெழுத்து இரிக்கி மச்சான். தபால் கந்தோர் முத்திரையும் இரிக்கும்."

"மாமி போட்டதெண்டு சொல்லுவம்."

"ஓம், நான் போட்டதெண்டு சொல்லுங்க," என்றார் உம்மா உடனே. "நான் ஒளிச்சு வெச்சதெண்டு எழுதுங்க. அதில பொய் அரைவாசிதானே."

உம்மா அதைச் சொன்ன விதத்தில் மச்சானுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எனக்கு வரவில்லை. அது பொய் என்பதற்காகவா, பிடிபடும் என்ற பயத்தாலா என்று இன்றுவரை தெரியாது. நல்லவளாக இருப்பதற்கும் பயந்தவளாக இருப்பதற்கும் இடையிலுள்ள வரப்பு என் விஷயத்தில் எப்போதும் மெல்லியது.

குழந்தைக்குத் துணி மாற்றினேன். தொப்பூழ் இப்போது சுத்தமாக, ஒரு சிறிய முடிச்சுப் போல இருந்தது. அதைப் பார்த்துக்கொண்டிருக்கும்போது அந்தத் தண்ணீருக்குள் ஏதோ அசைந்தது. திரையை விலக்கி வந்தது உம்மாவின் ஒரு கைதான். இடது கை. வலது கையால்தானே எப்போதும் எதையும் நீட்டுவார். வலது கையில் என்ன இருந்தது?

"உம்மா, எனக்கு அட்டையத் தரக்குள்ள ஒங்கட மற்றக் கையில என்ன இருந்த?"

உம்மா வாசலில் நின்று யோசித்தார். தன் வலது கையை எடுத்துப் பார்த்தார், அங்கே எழுதியிருப்பது போல.

"பஞ்சு," என்றார். "கொடி விழுந்திட்டு. அதப் பஞ்சில சுத்திக் கையில வெச்சிக்கிட்டு நிக்கன், மணியடிச்சிட்டான். அதான் ரெண்டையும் ஒண்டா வெச்சன்."

கொடி விழுந்த நாள். அதை நான் மறந்திருக்கலாம். ஆனால் மறக்காத ஒருவர் இருந்தார். குடும்பநல மாது வீட்டுக்கு வரும்போதெல்லாம் குழந்தையின் சுகாதாரப் பதிவேட்டில் ஏதாவது எழுதிவிட்டுத்தான் போவார். மச்சான் பதிவேட்டை எடுத்து விரித்தார். நிறைக் கோட்டுக்கு எதிர்ப் பக்கத்தில், சாய்ந்த எழுத்தில் இருந்தது: கொடி நேற்று விழுந்துள்ளது, புண் இல்லை. பக்கத்தில் திகதி. அது ஒரு வெள்ளிக்கிழமை. ஆகவே நான் கையெழுத்திட்டது வியாழன்.

மச்சான் சுவர்க் கலண்டரைக் கழற்றிக் கட்டிலில் வைத்தார். வியாழனிலிருந்து மூன்று கிழமை. விரலால் ஒவ்வொரு வரியாக இறங்கினார். விரல் நின்ற வியாழன், நாளை.

"ஒரு நாள் இரிக்கி," என்றார். முதல் தடவையாக அவர் குரலில் விளையாட்டு இல்லை.

எனக்குள் உடனே அடுத்த சந்தேகம் எழுந்தது. கையெழுத்திட்ட நாளையும் சேர்த்து எண்ணுவதா? அப்படியென்றால் இருபத்தொன்றாவது நாள் இன்றுதான், அதுவும் முடியப்போகிறது. தபாலில் போட்டால் போட்ட நாளா, போய்ச் சேர்ந்த நாளா? நான் கேட்டுக்கொண்டே போனேன். டீச்சருக்குத் தொலைபேசி எடுத்தோம். சேர்க்க மாட்டார்கள் என்றுதான் தன் சட்டத்தரணி சொன்னதாகச் சொன்னார். "ஆனா தபாலில போட்டிட்டு நெஞ்சிடிச்சிக்கிட்டு இரியாதிங்க. ஒரு ஆளிட்டக் குடுத்து அனுப்புங்க." எழுத்தில் என்னென்ன இருக்க வேண்டும் என்பதையும் அவரே சொன்னார். என் பெயர், விலாசம், எந்தக் காணி, எவ்வளவு கேட்டேன், எவ்வளவு தீர்மானித்தார்கள், ஏன் காணாது.

கட்டிலில் தலையணையை மடியில் வைத்து எழுதினேன். மேட்டுத் துண்டைப் பற்றி எழுதினேன். கிணற்றின் ஆழம், கல் கட்டு, ஊற்று எப்போதும் வற்றாதது. தென்னைகள். றோட்டு முகப்பு. அதே வட்டாரத்தில் மேட்டுக் காணி விற்ற ஓர் உறுதிப் பத்திரத்தின் பிரதியை இணைப்பதாக எழுதினேன்; அதை விசாரணைக்கே கொண்டுபோயிருந்தேன். எழுத எழுத, கிறவலுக்குக் கீழே போன இடம் தாளில் திரும்பி வருவது போல இருந்தது. தென்னையின் நிழல் கிணற்று வாயில் விழும் நேரம்கூட நினைவு வந்தது. அதை எழுதவில்லை. எழுதத்தான் ஆசை.

கடைசியில் கடிதம் கிடைத்த நாளுக்கு வந்தேன். பேனை நின்றது. மச்சான் தோளுக்கு மேலால் பார்த்துக்கொண்டு நின்றார்.

"பஸ் எங்கயாவது உடைஞ்சி வெள்ளியாப் போனா? நேத்துக் கிடைச்சதெண்டு ஒரு வசனம். அவ்வளவுதான் புள்ள."

நான் வியாழன் என்று எழுதி, திகதியைப் போட்டேன். பிறகு, கேட்காமலேயே, இன்னும் கொஞ்சம் எழுதினேன். பிள்ளை பெற்று நாற்பது நாள் கழியாமல் இருந்தேன், கடிதத்தைத் தாய் பத்திரமாக வைத்திருந்தார், இன்றுதான் திறந்தேன், காலம் தவறியிருந்தால் தவறு என்னுடையது என்று.

மச்சான் வாசித்தார். "இது பெட்டிசமா, கதையா?"

"வெட்டட்டா?"

தாளைக் கவனமாக மடித்தார். "வேணா. கிடக்கட்டும்."

பசாரில் பிரதிகள் எடுத்துக்கொண்டு, கொழும்புக்குப் போகும் பஸ்ஸில் ஏறினார். அந்த இரவைப் பற்றி எழுத என்னிடம் எதுவும் இல்லை. நான் நன்றாகத் தூங்கிவிட்டேன். அதற்காக அடுத்த நாள் முழுவதும் வெட்கப்பட்டேன்.

அடுத்த நாள்தான் நீண்டது. வெளிச்சம் அலுமாரியில் தொடங்கியது. முதல் தடவையாக நான் நேரம் பார்த்தேன். கடல் சத்தம் வந்தது, போனது. மச்சான் இப்போது எங்கே இருப்பார் என்று கண்ணை மூடிப் பார்த்தேன். நான் பார்க்காத கட்டடம் ஒன்றின் படிகளில் அவர் ஏறிக்கொண்டே இருந்தார், படிகள் முடியவில்லை. மேலே ஓர் அறை, அதற்குள் எங்கள் கிணறு, அதன் வாயில் ஒரு மேசை போட்டு யாரோ கடிதங்களுக்கு முத்திரை குத்திக்கொண்டிருந்தார்கள். குழந்தை சிணுங்க விழித்தேன். வெளிச்சம் அரை அடிதான் நகர்ந்திருந்தது. உம்மா அறைக்குள் வரவேயில்லை. சமையலறையில் ஒரே சட்டியைத் திரும்பத் திரும்பக் கழுவும் சத்தம் கேட்டது.

ழுஹர் பாங்கு சொல்லி முடிந்த பிறகு தொலைபேசி வந்தது.

"குடுத்தாச்சு. பிரதியில முத்திரை அடிச்சித் தந்தாங்க. இண்டைய திகதி."

"ஒண்டும் கேக்கல்லயா?"

"கேட்டாங்க. கையெழுத்து வடிவா இரிக்காம், டீச்சரோ எண்டு கேட்டாங்க."

நான் போனை வைத்துவிட்டுத் திரைக்குப் போய், "உம்மா, குடுத்தாச்சாம்," என்றேன். சட்டி கழுவும் சத்தம் நின்றது. கொஞ்ச நேரம் கழித்து எனக்கு ஒரு கோப்பைச் சரக்குக் கஞ்சி வந்தது. அதில் வழக்கத்தை விட இரண்டு மடங்கு தேங்காய்ப்பால்.

சபை எங்களை அழைக்க நீண்ட காலம் எடுத்தது. அதற்குள் மகள் நடக்கத் தொடங்கி, ஓடவும் தொடங்கிவிட்டாள். கொழும்பில் அந்த அறை நான் கனவில் கண்டது போல உயரத்தில் இருக்கவில்லை. கீழ்த்தளத்தில், சுழலும் மின்விசிறியோடு இருந்தது. நான் எழுதிய தாள் மேசையில் இருந்தது. சபையில் இருந்த ஒருவர் சிங்களத்தில் கேட்க, பக்கத்தில் இருந்தவர் தமிழில் சொன்னார்.

"அந்த நாற்பது நாளில் கடிதம் திறக்கக் கூடாதென்று உங்கள் மார்க்கத்தில் சட்டம் இருக்கிறதா?"

"இல்லை," என்றேன்.

"அப்படியானால்?"

"நாங்களாக நினைத்துக்கொண்டோம்."

அவர் தலையசைத்தார். முத்திரையையும் தபால் திகதியையும் ஒப்பிட்டுப் பார்த்து, கடைசி நாள் என்று ஏதோ குறித்துக்கொண்டார். பிறகு கிணற்றைப் பற்றிக் கேட்கத் தொடங்கினார்கள். அதைப் பற்றிச் சொல்ல என்னிடம் நிறைய இருந்தது. பையில் மகளின் பதிவேட்டை வைத்திருந்தேன். யாரும் கேட்கவில்லை.

மேட்டையும் கிணற்றையும் சேர்த்துத் தொகையைக் கூட்டினார்கள். நான் கேட்ட அளவுக்கு இல்லை. அதே றோட்டோரத்தில் வாங்க அது போதவும் இல்லை. கடைசியில் இறக்காமப் பக்கம், உள்ளே, குளத்துத் தண்ணீர் பாயும் ஒரு வயலை வாங்கினோம். அளவு ஏறத்தாழ அதேதான். யானை வரும் இடம் என்பதால் கொஞ்சம் மலிவு. உறுதி என் பெயரில். காலம் வரும்போது மகளின் பெயருக்கு மாறும்.

போன மாதம் உம்மா, மச்சான், மகள் என்று எல்லோரும் போனோம். உம்மா கைப்பையிலிருந்து பஞ்சுப் பொட்டலத்தை எடுத்தார். இவ்வளவு காலமும் அது யாஸீன் கிதாபுக்குக் கீழேயே, முத்திரையடித்த பிரதியின் மேல் இருந்தது. மச்சான் வரப்போரத்தில் கொஞ்சம் உயர்ந்த இடமாகப் பார்த்து மண்வெட்டியால் இரண்டு வெட்டு வெட்டினார்.

"இன்னும் கொஞ்சம் ஆழமா," என்றேன்.

"இது கிராம்பளவு சாமான் புள்ள. கிணறா வெட்டச் சொல்றீங்க?"

மகள் குந்தி இருந்து குழிக்குள் பார்த்தாள். தன்னுடையது என்று சொன்னோம். அவள் நம்பவில்லை. மண்ணைத் தள்ளி மூடி, காலால் மிதித்தாள். தூரத்தில் குளத்துக்கட்டில் கொக்குகள் இருந்தன. காற்று நெல்லின் மேலால் வந்து, எங்களைத் தாண்டிப் போனது.

வாகனத்தில் திரும்பி வரும்போது உம்மாவும் மகளும் ஒருவர் மேல் ஒருவர் சாய்ந்து தூங்கினார்கள். நான் தூங்கவில்லை. யானையின் கால் எவ்வளவு ஆழம் பதியும் என்று யோசித்துக்கொண்டு வந்தேன். மூன்றாவது வெட்டு ஒன்று வெட்டச் சொல்லியிருக்கலாம்.